கோபுரம் கட்டுமுன் கணக்குப் பார்ப்போம்



திருச்சியிலிருந்து காவிரிப் பாலத்தைக் கடந்து திருவரங்கம் செல்லும்போதெல்லாம் நம் கண்ணில் முதலில் படுவது அந்த இராஜகோபுரம். 13 நிலைகள், 236 அடி உயரம். இன்றைய இளையோருக்கு அது என்றைக்கும் அங்கேயே நின்றதுபோலத் தோன்றும். ஆனால், நம்மில் ஐம்பது வயதைக் கடந்தவர்கள் அதை மொட்டைக் கோபுரமாகப் பார்த்தவர்கள். விஜயநகர ஆட்சிக் காலத்தில் தொடங்கிய பணி அடிப்பகுதியோடு நின்றுபோனது. சுமார் 400 ஆண்டுகள் அது அப்படியே நின்றது. அகோபில மடத்தின் 44ஆம் பட்டம் ஜீயரின் முயற்சியால் 1979இல் வேலை மீண்டும் தொடங்கி, 1987 மார்ச் 25 அன்றுதான் குடமுழுக்கு நடந்தது.

கோபுரம் கட்ட விரும்புகிறவர் முதலில் உட்கார்ந்து செலவைக் கணக்கிட வேண்டாமா என்று இயேசு கேட்டதை நாம் லூக்கா நற்செய்தி 14ஆம் அதிகாரத்தில் வாசிக்கிறோம். அவர் பேசியது சீடராயிருப்பதன் விலையைப் பற்றி. ஆனாலும், அதற்கு எடுத்துக்காட்டாக அவர் தேர்ந்துகொண்டது ஒரு கட்டடத்தின் வரவு செலவுக் கணக்கு என்பதை நாம் கவனிக்க வேண்டும். அந்தக் கணக்கைப் பற்றித்தான் இன்று சிந்திக்கப்போகிறோம். பேரரசர்கள் கட்டிய கோபுரத்தைப் பற்றியதல்ல இது. நம் பங்குகளில் ஒவ்வொரு மாதமும் மந்திரிக்கப்படும் புது வீடுகளைப் பற்றியது.

எதற்காக இப்போது?

2024 ஜனவரியில் திருச்சி விமான நிலையத்தின் புதிய முனையம் திறக்கப்பட்டது. 2025 மே மாதம் பஞ்சப்பூரில் ஒருங்கிணைந்த பேருந்து முனையம் திறக்கப்பட்டது. சாலையோரமெங்கும் மனை விற்பனை விளம்பரங்கள். இன்னொருபுறம், வங்கிகள் தங்கள் வட்டிக்கு அடிப்படையாகக் கொள்ளும் ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதம், 2025 பிப்ரவரியில் 6.50 விழுக்காட்டிலிருந்து இறங்கத் தொடங்கி, ஜூனில் 5.50, டிசம்பரில் 5.25 என்று வந்தது. "வட்டி குறைந்துவிட்டது, இதைவிட நல்ல நேரம் வராது" என்ற பேச்சு அன்பியக் கூட்டங்கள் முடிந்தபின் வாசலில் நின்று பேசும்போதுகூட நம் காதில் விழுகிறது.

வீடு வாங்க நினைப்பவர் அனைவரும் கேட்கும் கேள்வி ஒன்றே: "மாதம் எவ்வளவு கட்டணும்?" கேட்க வேண்டிய வேறு இரண்டு கேள்விகள் உண்டு. மொத்தம் எவ்வளவு கட்டுவோம்? எத்தனை வயது வரை கட்டுவோம்?

40 இலட்சம் வீட்டின் விலை என்ன?

ஒரு குடும்பத்தைக் கற்பனை செய்துகொள்வோம். கணவர் திருவெறும்பூர் பக்கம் ஒரு தனியார் தொழிற்கூடத்தில் வேலை செய்கிறார். மனைவி ஒரு பள்ளியில் ஆசிரியை. கணவருக்கு வயது 40, பிள்ளைகள் இருவர். மாநகரின் ஓரத்தில் 40 இலட்சம் ரூபாய்க்கு ஒரு பழைய தனி வீட்டை விலை பேசுகிறார்கள். கையிலிருந்து 10 இலட்சம், வங்கிக் கடன் 30 இலட்சம். வட்டி 8.5 விழுக்காடு, காலம் 20 ஆண்டு என்று வைத்துக்கொள்வோம்.

மாதத் தவணை சுமார் 26,035 ரூபாய். இருவர் சம்பளத்தில் சமாளித்துவிடலாம் என்று தோன்றுகிறது. ஆனால், 240 தவணைகளையும் கூட்டினால் 62 இலட்சத்து 48 ஆயிரம் ரூபாய் ஆகிறது. வட்டி மட்டும் 32 இலட்சத்து 48 ஆயிரம். அதாவது, வாங்கிய கடனைவிட வட்டி அதிகம்.

இத்துடன் கணக்கு முடியவில்லை. தமிழ்நாட்டில் இத்தகைய விற்பனைப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 விழுக்காடு, பதிவுக் கட்டணம் 2 விழுக்காடு. 40 இலட்சத்துக்கு இது 3 இலட்சத்து 60 ஆயிரம். இந்தச் செலவு பொதுவாக வீட்டுக்கடனில் அடங்காது, கையிலிருந்துதான் போக வேண்டும். கைப்பணம் 10 இலட்சம், பதிவு 3.60 இலட்சம், தவணைகள் 62.48 இலட்சம் என மொத்தம் 76 இலட்சம். கடன் பரிசீலனைக் கட்டணம், வழக்கறிஞர் கருத்துரை, மதிப்பீட்டாளர் கட்டணம், பத்திரத்தை ஒப்படைப்பதற்கான பதிவு, சொத்து வரி, ஆண்டுதோறும் வரும் பழுதுபார்ப்பு ஆகியவை இதற்கு மேல்.

வீட்டைக் கட்டிப்பார், கல்யாணம் பண்ணிப்பார் என்று நம் முன்னோர் சும்மாவா சொன்னார்கள்?

அசல் ஏன் அசையவில்லை?

நான்கைந்து ஆண்டு தவறாமல் கட்டிய பலர், ஒருநாள் வங்கியில் மீதத் தொகையைக் கேட்டுவிட்டு அதிர்ந்துபோகிறார்கள். "இவ்வளவு கட்டியும் கடன் குறையவே இல்லையே, ஏமாற்றிவிட்டார்களோ?" என்று மனம் கலங்குகிறார்கள். இது ஏமாற்று அல்ல. தவணைக் கணக்கு அமைந்திருக்கும் முறையே அப்படி.

ஒவ்வொரு மாதமும் மீதமுள்ள அசல் முழுவதற்கும் வட்டி முதலில் எடுக்கப்படுகிறது. எஞ்சியதுதான் அசலுக்குப் போகிறது. நம் எடுத்துக்காட்டில், முதல் மாதம் கட்டும் 26,035 ரூபாயில் வட்டி 21,250, அசலுக்குப் போவது 4,785 மட்டுமே. முதல் ஆண்டு முழுவதும் 3 இலட்சத்து 12 ஆயிரம் கட்டியபின் கடன் குறைந்திருப்பது ஏறக்குறைய 60 ஆயிரம். ஐந்து ஆண்டில் 15 இலட்சத்து 62 ஆயிரம் கட்டியிருப்போம். அசலில் குறைந்தது 3 இலட்சத்து 56 ஆயிரம். பத்து ஆண்டு கழித்தும், அதாவது பாதிக் காலம் கடந்தபின்னும், கிட்டத்தட்ட 21 இலட்சம் பாக்கி இருக்கும். கடன் பாதியாகக் குறைய 13 ஆண்டு 10 மாதம் ஆகும்.

இதிலிருந்து ஒரு பாடம் கிடைக்கிறது. வட்டியின் பாரத்தில் பெரும்பகுதி முன்பாதியில் இருப்பதால், நாம் எடுக்கும் முயற்சியும் முன்பாதியில்தான் அதிகப் பலன் தரும்.

சின்னத் தவணையின் பெரிய விலை

"20 ஆண்டு வேண்டாம், 30 ஆண்டு போட்டுக்கொள்ளுங்கள், தவணை குறையும்" என்று அறிவுரை சொல்வார் உண்டு. உண்மைதான், தவணை குறையும். அதே 30 இலட்சத்துக்கு, அதே வட்டியில், 30 ஆண்டுக்கு மாதத் தவணை 23,067. மாதம் மிச்சமாவது மூவாயிரத்துக்கும் குறைவு. ஆனால், கட்டும் மொத்தத் தொகை 83 இலட்சமாக உயர்ந்துவிடுகிறது. மாதம் மூவாயிரம் மிச்சப்படுத்த 20 இலட்சத்துக்கு மேல் கூடுதலாகக் கொடுக்கிறோம். 40 வயதில் தொடங்கிய கடன் 70 வயதில் முடியும்.

மாறாக, 15 ஆண்டில் முடிக்கத் துணிந்தால் தவணை 29,542. மாதம் சுமார் 3,500 ரூபாய் அதிகம். ஆனால் வட்டியில் 9 இலட்சத்துக்கு மேல் மிச்சம். கடன் 55 வயதில் முடிகிறது. அந்த ஐந்து ஆண்டில்தான் பிள்ளைகளின் மேற்படிப்பும் திருமணமும் வந்து நிற்கும் என்பதை எண்ணிப்பார்த்தால், இந்த வித்தியாசம் வெறும் எண் அல்ல என்று புரியும்.

நாம் அறியாமல் நீளும் கடன்

நம் நாட்டில் பெரும்பாலான வீட்டுக் கடன்கள் மாறும் வட்டிக் கடன்கள். 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் தரும் புதிய மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் ரெப்போ போன்ற வெளி அளவுகோல் ஒன்றோடு இணைக்கப்பட வேண்டும் என்பது விதி. வங்கியல்லாத வீட்டுக்கடன் நிறுவனங்களுக்கு இது பொருந்தாது, அவர்களுக்குச் சொந்த அளவுகோல் உண்டு. எதுவானாலும், இன்று சொல்லும் வட்டி 20 ஆண்டுக்கும் நிற்கும் என்று எவரும் வாக்குறுதி தரவில்லை. 2008 ஜூலையில் ரெப்போ 9 விழுக்காடு. 2020 மே முதல் 2022 மே தொடக்கம் வரை 4 விழுக்காடு. 2023 பிப்ரவரியில் 6.50. ஒரே தலைமுறைக்குள் இத்தனை ஏற்ற இறக்கம்.

2022இன் தொடக்கத்தில் 6.75 விழுக்காட்டில் 30 இலட்சம் வாங்கியவரை எடுத்துக்கொள்வோம். 20 ஆண்டுக் கடன், தவணை 22,811. ஓராண்டுக்குள் ரெப்போ 2.50 விழுக்காட்டுப் புள்ளிகள் ஏறியது. அவருடைய வட்டியும் 9.25 ஆனது என்று கொள்வோம். ஓராண்டு கட்டியபின் மீதமுள்ள 29 இலட்சத்து 26 ஆயிரத்துக்கு மாத வட்டியே 22,559 ரூபாய். அவர் கட்டும் தவணையில் அசலுக்குப் போவது 250 ரூபாய். தவணையை மாற்றாமல் விட்டால், இன்னும் 19 ஆண்டு என்று அவர் நினைத்திருந்த கடன் ஏறக்குறைய 49 ஆண்டுக் கடனாக நீளும்! எனவேதான் அன்று பலருடைய தவணையும் உயர்ந்தது, காலமும் நீண்டது. 19 ஆண்டிலேயே முடிக்க வேண்டுமானால் தவணை 27,299 ஆகியிருக்க வேண்டும்.

தவணை ஏறினால் அன்றே வீட்டில் தெரிந்துவிடும். காலம் நீண்டால் யாருக்கும் தெரியாது. சம்பளக் கணக்கிலிருந்து அதே தொகைதான் பிடிக்கப்படும். ஓய்வு பெறும் ஆண்டில்தான் உண்மை வெளிவரும். வருங்கால வைப்பு நிதியும் பணிக்கொடையும் அந்தக் கடனை அடைக்கவே போய்விடும். முதுமைக்கென்று சேர்த்தது கைக்கு வருமுன்னே கரைந்துபோகும்.

இந்நிலையைக் கண்டே ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்ட் 18 அன்று ஓர் உத்தரவு பிறப்பித்தது. வட்டி மாறும்போது, தவணையும் காலமும் எப்படி மாறும் என்பதைக் கடன் வாங்கியவருக்குத் தெரிவிக்க வேண்டும். தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கொஞ்சமா என்பதை அவரே தேர்ந்துகொள்ள வழி தர வேண்டும். இதுவரை பிடித்த வட்டி, அசல், மீதமுள்ள தவணைகள் ஆகியவற்றைக் காட்டும் அறிக்கையைக் காலாண்டுதோறும் தர வேண்டும். நம்மில் எத்தனை பேர் அந்த அறிக்கையைத் திறந்து பார்த்திருக்கிறோம்?

அப்படியானால் கடன் வாங்குவது தவறா?

இல்லை. நியாயமாகவும் பார்க்க வேண்டும். அதே குடும்பம் மாதம் 10,000 வாடகையில் இருந்து, வாடகை ஆண்டுக்கு 5 விழுக்காடு ஏறினால், 20 ஆண்டில் கொடுக்கும் வாடகை 39 இலட்சத்து 68 ஆயிரம். முடிவில் கையில் வீடு இருக்காது. வாடகை ஏறிக்கொண்டே போகும். தவணையோ, வட்டி மாறாதவரை, அப்படியே நிற்கும், சம்பளம் உயர உயர அதன் பாரமும் குறையும். இருபதாவது ஆண்டில் கட்டும் 26,000 ரூபாய் இன்றைய 26,000 ரூபாயின் மதிப்பில் இருக்காது. மேலும், வீட்டுக்காரர் எப்போது காலி செய்யச் சொல்வாரோ என்ற அச்சமின்றிப் பிள்ளைகள் ஒரே பள்ளியில் படிப்பதற்கு விலை போட முடியுமா?

ஆகவே, கடன் பாவமும் அல்ல, வரமும் அல்ல. தெரிந்து ஏற்றால் அது சுமக்கக்கூடிய பாரம். தெரியாமல் ஏற்றால் அது நம்மைச் சுமக்க வைக்கும் நுகம்.

வருமான வரிச் சலுகை இருக்கிறதே என்பார்கள். பழைய வரிமுறையில் சொந்தக் குடியிருப்புக்கான வட்டியில் ஆண்டுக்கு 2 இலட்சம் வரை கழிவு உண்டு. 2023-24 நிதியாண்டு முதல் இயல்பான முறையாகிவிட்ட புதிய முறையில் அந்தக் கழிவு இல்லை. எந்த முறையில் இருக்கிறோம் என்று தெரியாமல் சலுகையைக் கணக்கில் சேர்க்கக் கூடாது.

நாம் செய்யக்கூடியவை

முதலாவது, பத்திரத்தைப் பார்ப்பது. தாய்ப்பத்திரம், வில்லங்கச் சான்றிதழ், பட்டா மூன்றையும் முன்பணம் கொடுக்குமுன் ஒரு வழக்கறிஞரிடம் காட்ட வேண்டும். திருவரங்கத்தில் கோயிலைச் சுற்றிய தெருக்களில் அடிமனை உரிமைச் சிக்கல் பல ஆண்டுகளாகப் பேசப்படுவதை நாம் அறிவோம். வீடு தலைமுறைகளாக ஒரு குடும்பத்தின் கையில் இருந்தாலும், மனை யாருடையது என்ற கேள்வி எழுந்தால் விற்பதும் அடமானம் வைப்பதும் கடினமாகிவிடும்.

இரண்டாவது, கையெழுத்துக்கு முன் வாசிப்பது. 2024 அக்டோபர் 1 முதல், கடன் தருவோர் முக்கிய விவரங்கள் அடங்கிய அறிக்கை ஒன்றைக் கடன் வாங்குபவருக்குப் புரியும் மொழியில் தர வேண்டும். வட்டியோடு மற்றக் கட்டணங்களையும் சேர்த்த உண்மையான ஆண்டு விகிதமும், தவணை அட்டவணையும் அதில் இருக்கும். யோசித்து முடிவெடுக்க மூன்று வேலை நாள்களாவது தரப்பட வேண்டும். அந்த மூன்று நாள்களில் கணவனும் மனைவியும் சேர்ந்து உட்கார்ந்து அதை வாசிக்க வேண்டும். "இங்கே ஒரு கையெழுத்து போடும்மா" என்று சொல்லி மனைவியை இணைக் கடனாளி ஆக்கிவிடுவது நம் வீடுகளில் சாதாரணமாக நடக்கிறது. கடன் முழுவதற்கும் அவரும் பொறுப்பு என்பதை அவருக்கு யாரும் சொல்வதில்லை.

மூன்றாவது, கைப்பணத்துக்காக இன்னொரு கடன் வாங்காதிருப்பது. மனைவியின் நகையை அடகு வைத்து முன்பணம் கட்டினால், முதல் நாளே இரண்டு வட்டிகள் தொடங்கிவிடும். வீடு வரும், நகை வருமா?

நான்காவது, சிறுகச் சிறுக முன்கூட்டியே அடைப்பது. தனிநபர்களின் மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டி அடைத்தால் அபராதம் வசூலிக்கக் கூடாது என்று 2012ஆம் ஆண்டிலேயே ரிசர்வ் வங்கி வங்கிகளுக்கு உத்தரவிட்டுவிட்டது. நம் எடுத்துக்காட்டுக் குடும்பம், போனஸ் பணத்திலிருந்து ஆண்டுக்கு ஒரே ஒரு கூடுதல் தவணை கட்டினால், 20 ஆண்டுக் கடன் 16 ஆண்டு 9 மாதத்தில் முடியும். வட்டியில் 6 இலட்சத்துக்கு மேல் மிஞ்சும். வட்டி குறையும் காலத்தில் தவணையைக் குறைக்கச் சொல்லாமல், அதே தவணையைக் கட்டிக் காலத்தைக் குறைப்பதும் இதே பலனைத் தரும்.

ஐந்தாவது, துன்பக் காலத்துக்கு முன்னேற்பாடு. ஆறு மாதத் தவணைக்கான தொகை தனியாக இருக்கட்டும். சம்பாதிப்பவர் இறந்தால் குடும்பம் தெருவில் நிற்காதபடி கடன் அளவுக்கு ஓர் ஆயுள் காப்பீடு இருக்கட்டும். ஆனால், அதன் முழுப் பிரீமியத்தையும் கடனோடு சேர்த்துவிட்டால், அதற்கும் 20 ஆண்டு வட்டி கட்டுவோம் என்பதை மறக்கக் கூடாது.

ஆறாவது, தவணை தவறினால் ஒளிந்துகொள்ளாதிருப்பது. 90 நாள்களுக்கு மேல் பாக்கி நின்றால் அது வாராக் கடனாகும். 2002ஆம் ஆண்டின் சர்பாசி சட்டப்படி 60 நாள் அறிவிப்பு வரும். அதன்பின் நீதிமன்றத்தில் வழக்குத் தொடுக்காமலேயே வீட்டைக் கைப்பற்றி ஏலம் விட வங்கிக்கு அதிகாரம் உண்டு. வேலை போன முதல் மாதமே வங்கிக்குச் சென்று பேசுபவருக்கு வழிகள் இருக்கின்றன. அறிவிப்பு ஒட்டப்பட்டபின் வழிகள் சுருங்கிவிடும்.

கடன் முடிந்தபின்னும் ஒரு வேலை இருக்கிறது. முழுத் தொகையையும் அடைத்த 30 நாள்களுக்குள் மூலப் பத்திரங்கள் திரும்பத் தரப்பட வேண்டும். வங்கியின் தவறால் தாமதமானால் நாள் ஒன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு என்பது 2023 டிசம்பர் 1 முதல் நடைமுறையில் உள்ள விதி. பத்திரத்தைக் கையில் வாங்கி, வில்லங்கத்திலும் கடன் நீங்கியதைப் பார்த்த பிறகே அது நம் வீடு.

ஒரு வேண்டுகோள்

நம் பங்குகளில் திருமணத் தயாரிப்பு வகுப்புகள் நடக்கின்றன. மனப்பொருத்தம், குழந்தை வளர்ப்பு, செபம் எனப் பலவற்றையும் பேசுகிறோம். ஆனால், திருமணமான சில ஆண்டுகளில் அந்தத் தம்பதியர் போடப்போகும் மிகப் பெரிய கையெழுத்தைப் பற்றி ஒரு மணி நேரமாவது பேசுகிறோமா? நம் நடுவில் ஓய்வு பெற்ற வங்கி ஊழியர்கள் இருக்கிறார்கள், வழக்கறிஞர்கள் இருக்கிறார்கள், கணக்கு ஆசிரியர்கள் இருக்கிறார்கள். மாதம் ஒரு ஞாயிறு, திருப்பலிக்குப் பின், ஒரு மேசை போட்டு உட்கார்ந்து, வருபவரின் கடன் அறிக்கையை வாசித்து விளக்க அவர்கள் முன்வரலாமே. பணச் செலவில்லாத இந்த உதவி ஒரு குடும்பத்துக்குப் பல இலட்சங்களைக் காப்பாற்றித் தரலாம். ஒரு தாயின் தூக்கத்தையும் காப்பாற்றலாம்.

திருவரங்கத்து மொட்டைக் கோபுரம் 400 ஆண்டு காத்திருக்க முடிந்தது. அதை முடிக்க ஒரு காலத்தில் ஆயிரக்கணக்கான கைகள் சேர்ந்தன. நம் வீட்டுக்கு அவ்வளவு காலமும் இல்லை, அவ்வளவு கைகளும் இல்லை. இருப்பவை நம் உழைக்கும் ஆண்டுகள் மட்டுமே. அந்த ஆண்டுகளில் எத்தனையை எழுதிக் கொடுக்கிறோம் என்று கையெழுத்திடும் முன் உட்கார்ந்து கணக்குப் பார்ப்போம். ஏற்கனவே கையெழுத்திட்டவர்கள், இந்த வாரமே மீதித் தொகையையும் மீதித் தவணைகளையும் கேட்டு அறிந்துகொள்வோம்.

சிந்திப்போம், செயல்படுவோம்.